கழிச்சது போக மீதி

பள்ளிக்கூடத்தில் நாம் படித்த வகுத்தல் கணக்கு ரொம்ப நல்ல பிள்ளை. இருபது மாம்பழம், ஐந்து பேர், ஆளுக்கு நாலு. மணி அடித்ததும் வீட்டுக்குப் போய்விடலாம். மாம்பழக் கூடையைச் சுமந்து வந்தவன் கூலி கேட்க மாட்டான். "எனக்கு ரெண்டு போதும், ஆனா இப்பவே வேணும்" என்று நடுவில் எவனும் எழுந்து நிற்க மாட்டான்.

வெளியே வந்தால் இரண்டும் நடக்கிறது. அதற்குப் பெயர் ஏலச் சீட்டு.

மயிலாப்பூர் மாடவீதியில் கிளம்பி, பாண்டி பஜார் வழியாக அடையாறு வரைக்கும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து போனால், எங்காவது ஒரு மாடிப்படி ஓரத்தில் சிட் ஃபண்ட் போர்டு கண்ணில் படாமல் போகாது. சென்னைக்கும் சீட்டுக்கும் அவ்வளவு நெருக்கம். இங்கே 1974-ல் ஸ்ரீராம் சிட்ஸ் தொடங்கினவர்களில் ஒருவரான ஆர். தியாகராஜன் கணிதமும் புள்ளியியலும் படித்தவர். பொருத்தம்தான். சீட்டு என்பது பாதி நம்பிக்கை, பாதி கணக்கு. நம்மில் பலர் முதல் பாதியோடு நிறுத்திக் கொள்கிறோம்.

தி.நகரில் வேலை பார்க்கும் நண்பர் ஒருவர் சமீபத்தில் பாஸ் புத்தகத்தை ஆட்டிக்கொண்டே வந்தார். முகம் கடுகடு.

"ஸார், நம்ம சீட்டு 1 லட்சம். இருபது பேர், இருபது மாசம், ஆளுக்கு 5,000. இந்த மாசம் ஒருத்தர் 30,000 தள்ளி எடுத்தார். 30,000-ஐ இருபதால வகுத்தா எவ்வளவு?"

"1,500."

"எனக்கு 1,250தான் வரவு வெச்சிருக்காங்க. 250 எங்க ஸார் போச்சு?"

எங்கேயும் போகவில்லை. கழித்துவிட்டு வகுத்திருக்கிறார்கள். இவர் வகுத்துவிட்டுக் கழிக்க நினைத்தார்; அதிலும் கழிப்பதற்கு மறந்துவிட்டார்.

முறை இதுதான். இருபது பேர் போடுகிற 5,000 சேர்ந்தால் 1 லட்சம். அவசரம் உள்ளவர் "எனக்கு 30,000 குறைத்துக் கொடுத்தால் போதும்" என்கிறார். அவருக்கு 70,000. தள்ளிய 30,000-லிருந்து சீட்டு நடத்துகிறவரின் கமிஷன் முதலில் போகும். இந்தச் சீட்டில் அது 5 சதவீதம். எதில் 5 சதவீதம் என்பதுதான் விஷயம். தள்ளின தொகையில் என்றால் 1,500 ரூபாயோடு முடிந்திருக்கும். ஆனால் கமிஷன் முழுச் சீட்டுத் தொகையில் கணக்கு: 5,000. அது போக மீதி 25,000. இருபதால் வகுத்தால் 1,250. இந்த மாதம் ஒவ்வொருவரும் 5,000-க்கு பதில் 3,750 கட்டினால் போதும். இருபது பேர் கட்டுவது 75,000. எடுத்தவருக்கு 70,000, நடத்துகிறவருக்கு 5,000. பைசா பிசகவில்லை.

நண்பர் விடுவதாக இல்லை. "சரி, எடுத்தவருக்கும் எதுக்கு ஸார் 1,250? அவர்தான் 70,000 வாங்கிட்டாரே! மிச்சம் 19 பேருக்குன்னு பிரிச்சா ஆளுக்கு 1,315 வருமே!"

நியாயமான கேள்வி மாதிரிதான் தெரியும். ஆனால் இன்றைக்கு எடுத்தவரை விலக்கினால், அடுத்த மாதம் இரண்டு பேரை விலக்க வேண்டும், அதற்கடுத்த மாதம் மூன்று பேரை. கடைசியில் மிஞ்சுகிற ஒருவர் மொத்தத்தையும் வாரிக்கொண்டு போவார். எடுத்தவரோ மாதா மாதம் முழு 5,000-ஐக் கட்டிக்கொண்டிருப்பார். அவர் விலையை ஏலத்திலேயே கொடுத்துவிட்டார். ஒரே தப்புக்கு இரண்டு அபராதம் ஆகாது. அதனால்தான் எடுத்தவர், எடுக்காதவர் எல்லோருக்கும் சமப் பங்கு. சீட்டில் ஆளுக்கு ஆள் மாறுகிற விஷயம் ஒன்றே ஒன்று: நீங்கள் எவ்வளவு தள்ளினீர்கள் என்பது.

அடுத்த சந்தேகம் உங்களுக்கே வந்திருக்கும். மாதா மாதம் 5,000 வாங்கிக்கொள்ள அந்த நடத்துகிற மனுஷர் என்ன மலையா புரட்டுகிறார்?

கொஞ்சம் புரட்டத்தான் செய்கிறார். சட்டம் அவரை 'ஃபோர்மேன்' என்கிறது. சீட்டுப் பதிவாளரிடம் முன்அனுமதி வாங்க வேண்டும். சீட்டுத் தொகைக்கு ஈடாக ஜாமீன் வைக்க வேண்டும். ஏலத்துக்குக் குறைந்தது இரண்டு சந்தாதாரராவது இருக்க வேண்டும் (2019 திருத்தத்துக்குப் பிறகு வீடியோ வழியாகவும் இருக்கலாம்). ஏல நடவடிக்கையை எழுதிக் கையெழுத்து வாங்கி வைக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, எடுத்துக்கொண்டு போனவர் அடுத்த மாதத்திலிருந்து "இல்லைங்க, ஊர்ல இல்லைங்க" என்று சொன்னாலும், இந்த மாதம் எடுக்கிறவருக்குப் பணத்தைக் கொடுத்தாக வேண்டும். பத்தொன்பது பேர் தனித்தனியாகத் தலைவலிப்பதற்குப் பதில் ஒருவர் மொத்தமாகத் தலைவலித்துக்கொள்கிறார். அந்தத் தைலச் செலவுதான் கமிஷன்.

ஆக, கமிஷன் இருப்பதில் தப்பில்லை. அது யார் தலையில் விழுகிறது என்று பார்ப்பதுதான் நம் வேலை. அதைப் பாஸ் புத்தகம் சொல்லாது. நாம்தான் பேப்பர் பேனாவோடு உட்கார வேண்டும்.

அதே 1 லட்சம் சீட்டு. ஆரம்பத்தில் 30,000 வரை போகிற தள்ளு, போகப் போக இறங்கி, கடைசி மாதம் வெறும் கமிஷன் அளவான 5,000-ல் நிற்கிறது. இருபது மாதத்துக்கும் சராசரி 15,000 என்று வைத்துக்கொள்வோம். கமிஷன் போக 10,000. ஆளுக்கு மாதம் சராசரி 500. இருபது மாதத்தில் 10,000. ஆக, 1 லட்சம் கட்ட வேண்டியவர் ஒவ்வொருவரும் நிஜத்தில் கட்டுவது 90,000. இது இருபது பேருக்கும் பொது.

இப்போது மூன்று பேரைப் பார்ப்போம்.

முதலாமவர் நிதானஸ்தர். வீட்டில் எல்லாம் சுகம், அவசரம் ஒன்றுமில்லை. இருபதாவது மாதம் எடுக்கிறார். கையில் 95,000. கட்டினது 90,000. லாபம் 5,000. பணம் அவர் கையை விட்டு இருந்தது சராசரியாக ஒன்பதரை மாதம். ஆண்டுக் கணக்குக்குக் கொண்டுவந்தால் சுமார் 7 சதவீதம். பாங்க்கில் ஆர்.டி. போட்ட மாதிரி ஒரு வரும்படி.

இரண்டாமவர் நடுவாந்திரம். பத்தாவது மாதம் 15,000 தள்ளி எடுக்கிறார். கையில் 85,000. கட்டுவது 90,000. வித்தியாசம் 5,000. இருபது மாதத்துக் கமிஷன் மொத்தம் 1 லட்சம்; அதில் இவர் பங்கு எவ்வளவு? அதே 5,000! வட்டி கொடுக்கவுமில்லை, வாங்கவுமில்லை. நடத்துகிறவருக்குச் சம்பளம் மட்டும் கொடுத்துவிட்டு வீடு திரும்புகிறார்.

மூன்றாமவர் அவசரக்காரர். தங்கை கல்யாணம், அல்லது வீட்டுக்கு அட்வான்ஸ், அல்லது அப்பாவுக்கு ஆபரேஷன். இரண்டாவது மாதமே 30,000 தள்ளி 70,000 வாங்குகிறார். அதற்குள் இரண்டு தவணையாக ஏறக்குறைய 7,500 கட்டியிருப்பார். ஆக, அவர் கைக்கு நிஜமாக வந்த அடுத்தவர் பணம் 62,500. இனி பதினெட்டு மாதத்தில் அவர் கட்டப் போவது 82,500. கூடுதல் 20,000. மாதா மாதம் குறைந்துகொண்டே வரும் கடனுக்கு இதை வட்டியாகப் போட்டுப் பார்த்தால், நூற்றுக்கு மாதம் மூன்று ரூபாய்க்குப் பக்கத்தில் வருகிறது.

ஊர் பாஷையில் சொன்னால், மூணு வட்டி!

வட்டிக்கடைக்காரர் "மூணு வட்டி" என்று வாய் திறந்து சொன்னால் நாம் வாசலோடு திரும்பிவிடுவோம். சீட்டில் அந்த வார்த்தையை யாரும் சொல்வதில்லை. "30,000 ஒரு தரம்... 30,000 ரெண்டு தரம்..." என்றுதான் சொல்கிறார்கள். அதுவும் சொல்வது நம் வாய். நம் வட்டியை நாமே ஏலம் கூவிக்கொள்கிற ஒரே இடம் இதுதான். ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்பார்கள். சீட்டில் அவசரக்காரனுக்குப் பணமும் மட்டு.

அதற்காக அவசரக்காரர் ஏமாந்தவர் என்று அர்த்தமில்லை. சம்பளச் சீட்டு இல்லாதவருக்கு, சொத்துப் பத்திரம் காட்ட முடியாதவருக்கு பாங்க் கதவு அத்தனை சுலபமாகத் திறப்பதில்லை. அந்த நேரத்தில் இரண்டு ஜாமீனோடு 70,000 கிடைப்பது பெரிய விஷயம். விலை தெரிந்து வாங்கினால் வியாபாரம். தெரியாமல் வாங்கினால்தான் வேதனை.

இந்த மூவரையும் சேர்த்துப் பார்த்தால் ஒரு உண்மை வெளியே வரும். இருபது பேரும் போட்ட பணத்தில், இருபது பேருக்கும் திரும்புவது மொத்தத்தில் 1 லட்சம் குறைவு. ஆளுக்குச் சராசரி 5,000 நஷ்டம். அப்படியிருக்க நிதானஸ்தருக்கு 5,000 லாபம் வருகிறது என்றால், அது ஆகாயத்திலிருந்து விழவில்லை. அவசரக்காரரின் 20,000-லிருந்து வந்தது. "சீட்டுல எல்லாருக்கும் லாபம் ஸார்" என்று யாராவது சொன்னால் அவருக்கு ஒரு கால்குலேட்டர் வாங்கிக் கொடுங்கள்.

இதை அரசாங்கமே உணர்ந்த மாதிரி ஒரு காரியம் செய்தது. 1982-ம் வருஷத்து சிட் ஃபண்ட் சட்டத்தில் ஆளுக்கு வரும் பங்குக்கு 'டிவிடெண்ட்' என்றும், எடுத்தவர் வாங்குவதற்குப் 'பரிசுத் தொகை' என்றும் பெயர். 2019-ல் திருத்தும்போது இரண்டையும் மாற்றினார்கள். டிவிடெண்ட், 'தள்ளுபடியில் பங்கு' ஆனது. பரிசு, 'நிகரச் சீட்டுத் தொகை' ஆனது. சரியான காரியம். கம்பெனி லாபம் சம்பாதித்துப் பிரித்துக் கொடுத்தால்தான் டிவிடெண்ட். இங்கே வருவது பக்கத்து நாற்காலிக்காரர் விட்டுக்கொடுத்த பணம். பரிசும் அப்படித்தான், நம் பணத்தையே நமக்குக் குறைத்துக் கொடுப்பதை யாராவது பரிசு என்பார்களா? ஆனாலும் ஆபீஸ் கான்டீனில் இன்னும் டிவிடெண்ட்தான், பரிசுதான்.

அதே திருத்தத்தில் இன்னொரு மாற்றமும் வந்தது. கமிஷனுக்கு இருந்த உச்சவரம்பு 5 சதவீதத்திலிருந்து 7 ஆனது. "ரெண்டு பர்சென்ட்தானே" என்று தோள் குலுக்காதீர்கள். நம் நிதானஸ்தரை மறுபடி கூப்பிடுவோம். தள்ளு சராசரி அதே 15,000. கமிஷன் 7,000 போனால் மீதி 8,000, ஆளுக்கு 400. இருபது மாதத்தில் அவர் கட்டுவது 92,000. கடைசி மாதம் கையில் வருவது 93,000. லாபம் 1,000! கமிஷன் ஏறினது இரண்டு சதவீதம். அவர் லாபம் ஐந்தில் ஒரு பங்காகச் சுருங்கிவிட்டது. இதற்கு மேல் கமிஷன் மீது ஜி.எஸ்.டி. உண்டு. 12 சதவீதமாக இருந்தது 2022 ஜூலையில் 18 ஆனது. 7,000-க்கு 18 சதவீதம் என்றால் மாதம் 1,260. அதையும் எல்லோருமாகப் பிரித்துக்கொண்டால் இருபது மாதத்தில் ஆளுக்கு 1,260. இருபது மாதம் பொறுமையாகக் காத்திருந்த மனுஷர் 260 ரூபாய் கைநஷ்டத்தோடு எழுந்து போவார்.

"அப்ப கமிஷனே இல்லாம நாமளே நடத்திக்கலாமே" என்று ஆபீஸில் ஒரு குரல் எப்போதும் எழும். உலகம் பூராவும் இந்தக் குரல் எழுந்திருக்கிறது. மெக்ஸிகோவில் 'தாண்டா', கானாவில் 'சூசூ', தென்னாப்பிரிக்காவில் 'ஸ்டாக்வெல்'. இலங்கையில் தமிழரும் சீட்டு என்கிறார்கள், சிங்களரும் 'சீட்டு' என்கிறார்கள். மற்றதில் எப்படியோ, இதில் ஒரே சொல். ஜப்பானில் 'முஜின்' என்று பெயர். அதை நடத்திவந்த கம்பெனிகள் பெரிதாகி, 1951-ல் வந்த ஒரு சட்டத்தின் கீழ் பாங்க்குகளாகவே மாறின. கேரளத்தில் மாநில அரசே 1969-லிருந்து கே.எஸ்.எஃப்.இ. என்ற நிறுவனம் வைத்துச் சீட்டு நடத்துகிறது.

நண்பர்களுக்குள் குலுக்கல் சீட்டு என்றால் தள்ளும் இல்லை, கமிஷனும் இல்லை. ஆளுக்கு முழு 1 லட்சம். பார்க்க ரொம்ப நியாயம். ஆனால் முதல் மாதம் பேர் வந்தவருக்கு வட்டியில்லாக் கடன். கடைசியில் வந்தவர் வட்டியில்லாமல் கடன் கொடுத்தவர். யார் எது என்பதை ஒரு டப்பாவும் நாலாக மடித்த காகிதமும் முடிவு செய்கிறது. போதாததற்கு, எடுத்தவர் திடீரென்று வேலையை விட்டுப் போனால், மிச்சம் உள்ளவர்கள் பிரிக்க வேண்டியது பணத்தை இல்லை, பள்ளத்தை. நினைவிருக்கட்டும், அனுமதியும் பதிவும் இல்லாமல் சீட்டு நடத்துவது சட்டப்படி குற்றம். குலுக்கலில் பேர் வந்தவர் "இனி கட்ட வேண்டாம், போய் வாருங்கள்" என்று அனுப்பப்படும் பரிசுச் சீட்டையோ 1978-லேயே மத்திய அரசு தனிச் சட்டம் போட்டுத் தடை செய்துவிட்டது. பேர் வந்தவன் கட்டாவிட்டால் அவன் பங்கை யார் கட்டுவது? சின்னக் கணக்குதான், தடைபோட ஒரு சட்டம் தேவைப்பட்டது.

மயிலாப்பூர்க்காரர்கள் பேச்சில் எல்லாமே 'ஃபண்ட்'தான் என்பதால் ஒரு வார்த்தை. சிட் ஃபண்ட் வேறு, நிதி நிறுவனம் வேறு. நிதிகளுக்குச் சீட்டு நடத்தவே அனுமதி கிடையாது. 2014-ம் வருஷத்து விதிகள் அப்படிச் சொல்கின்றன. அங்கே நீங்கள் டெபாசிட் போடுகிறீர்கள், அவர்கள் கடன் கொடுக்கிறார்கள். 1872-ல் தொடங்கிய மயிலாப்பூர் இந்து பெர்மனன்ட் ஃபண்ட் அந்த ரகம். தாத்தா காலத்துப் பேர் என்ற நம்பிக்கையில் ரிடையரான பணத்தைப் போட்டவர்கள், 2024-ல் பணம் திரும்பவில்லை என்று போலீஸுக்குப் போக வேண்டி வந்தது. பொருளாதாரக் குற்றப் பிரிவு வழக்குப் பதிவு செய்தது. நூற்றைம்பது வருஷப் பழைய போர்டைப் பார்த்தால் மரியாதை வரலாம். ஜாமீன் என்று அதை எடுத்துக்கொள்ள முடியாது.

ஆகவே, சீட்டில் சேரும் முன் நாலு விஷயம் கேளுங்கள். கேட்க வெட்கமாக இருந்தால் ஒரு நண்பரைக் கூட்டிக்கொண்டு போய் அவரைக் கேட்க வையுங்கள்.

ஒன்று, பதிவு எண் என்ன? இரண்டு, கமிஷன் எவ்வளவு, ஜி.எஸ்.டி. யார் தலையில்? மூன்று, நடத்துகிறவரும் ஒரு சீட்டுப் போட்டிருந்தால் எந்த மாதம் எடுக்கப் போகிறார்? அவருக்குத் தள்ளு கிடையாது, முழுத் தொகை. எந்த மாதம் என்று ஒப்பந்தத்தில் எழுதியிருக்கும். நாலாவது, இதற்கு முந்தைய குரூப்பில் மாதா மாதம் தள்ளு எவ்வளவு போனது?

நாலாவதுதான் முக்கியம். தள்ளுக்குச் சட்டத்தில் ஓர் உச்சவரம்பு உண்டு. பல பேர் அந்த வரம்பு வரை கேட்டுவிட்டால், அவர்களுக்குள் குலுக்கல். மாதா மாதம் வரம்பை முட்டிக்கொண்டே போகிற குரூப் என்றால் உங்கள் பங்கு கொழுத்த பங்காக இருக்கும். சந்தோஷப்படுவதற்கு முன் யோசியுங்கள்: உங்களைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் பத்தொன்பது பேரும் அவசரக்காரர்கள். பணம் வந்த பிறகும் அவர்களால் தொடர்ந்து கட்ட முடியுமா?

எடுப்பவர் ஏலத்தில் வாய் திறக்கும் முன் ஒரு சின்னக் கழித்தல் போடட்டும். இனி கட்டப் போகும் மொத்தத்திலிருந்து, கைக்கு வருவதில் இதுவரை கட்டினது போக மிச்சம் எவ்வளவோ அதைக் கழியுங்கள். வருவதுதான் உங்கள் வட்டி. அதைப் பாங்க் மேனேஜர் சொல்லும் வட்டியோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு, அப்புறம் கூவுங்கள்.

தி.நகர் நண்பருக்கு இதையெல்லாம் சொல்லி முடித்தேன். பாஸ் புத்தகத்தின் பின் அட்டையில் கட கடவென்று கணக்குப் போட்டார். முகம் கொஞ்சம் மாறியது.

"ஸார், அந்த 30,000 தள்ளி எடுத்தவர் எங்க செக்‌ஷன்தான். அக்கா பிரசவத்துக்குன்னு சொன்னார். இந்த 1,250-ஐ நினைச்சா இப்ப என்னமோ மாதிரி இருக்கு."

இருக்கட்டும். பணத்தைத் திருப்பிக் கொடுக்க வேண்டிய அவசியமில்லை. அது முறையாக வந்த பங்கு. அடுத்த முறை யாராவது இரண்டாவது மாதமே 30,000 என்று கூவ எழுந்தால், சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்து, பின் அட்டைக் கணக்கைக் காட்டினால் போதும். பங்கு கொஞ்சம் குறையும்தான். பரவாயில்லை ஸார், சீட்டு இருபது மாசம். சிநேகம் அதைவிட நீளம்.